மரியன்னை ஒழுங்கைக் குழாயில் தண்ணீர் வருவதில்லை

அனுப்புநர்:
திருமதி யோசப்பின் சிமியோன்,
7, மரியன்னை ஒழுங்கை,
குருநகர், யாழ்ப்பாணம்.

பெறுநர்:
நீர் விநியோகப் பொறுப்பதிகாரி அவர்கள்,
யாழ்ப்பாணம்.

பொருள்: படத்தில் ஓடிய தண்ணீரை நம்பி நிறுத்தப்பட்ட பவுசரை மீண்டும் அனுப்பக் கோருதல்.

மதிப்புக்குரிய ஐயா,

எங்கள் ஒழுங்கையில் முப்பத்தெட்டுக் குடும்பங்கள் வசிக்கின்றன. கிணறுகள் எல்லாம் உவர். குழாய் நட்டு இரண்டு வருடமாகியும் ஒரு சொட்டுத் தண்ணீர் வரவில்லை. ஒருநாள் விட்டு ஒருநாள் தங்கள் பவுசர் லொறி கொண்டுவந்த தண்ணீரில்தான் குடித்தோம், சமைத்தோம்.

கடந்த தை மாதம், முன்னேறும் நம் தீவு நாட்டின் அன்றாட வாழ்க்கையை விவரணப்படமாக எடுக்கவென்று ஒரு குழுவினர் வந்தனர். கிழிந்த வலை பொத்துவதையும், மோட்டார் பூட்டிய வள்ளங்களையும், பள்ளிக்கூடம் போகும் பிள்ளைகளையும் எடுத்தார்கள். அதில் எனக்குக் குறையில்லை. பிறகு குழாயடிக்கு வந்தார்கள். அங்கே பவுசருக்கு இடம்பிடித்து வீட்டுக்கொரு குடம் வரிசையில் இருந்தது. நல்ல காரியம் தொடங்குமிடத்தில் வெறுங்குடம் ஆகாதென்று அவற்றை நாங்களே தூக்கி உள்ளே வைத்துவிட்டோம். அவர்கள் மதிலுக்குப் பின்னால் ஒரு பீப்பாயை உயர்த்தி வைத்துத் தண்ணீர் நிரப்பி, றபர் பைப்பால் குழாயோடு தொடுத்தார்கள். "அக்கா, சிரிச்சுக்கொண்டு குடத்தைப் பிடியுங்கோ" என்றார் ஒருவர். பிடித்தேன். படத்தில் சிரிப்பவள் நான்தான், ஐயா. வந்தவர்கள் சொல்லைத் தட்டக்கூடாதென்று நினைத்தது என் மடமை.

கடந்த மாதம் அந்தப் படம் நகர மண்டபத்தில் காட்டப்பட்டது. தங்கள் அலுவலகத்தாரும் பார்த்தனர். மறுவாரமே பவுசர் நின்றது. சாரதி கனகலிங்கத்தை வீதியில் மறித்துக் கேட்டேன். "உங்கடை ஒழுங்கையிலை பைப் ஓடுதாம், படத்திலை கண்டவையாம். லிஸ்டிலை பேரை வெட்டிப்போட்டினம்" என்றார்.

இன்றுடன் பதினேழு நாள். என் மகள் பிள்ளை பெற்று இருபத்திரண்டு நாள். உவர்த் தண்ணீரில் குளிப்பாட்டி, பச்சைக் குழந்தையின் உடம்பெல்லாம் புண். அயலவர்கள் என்னுடன் கதைப்பதில்லை; அவர்கள் கோபம் நியாயமானது. தங்கள் அலுவலகத்துக்கு இருமுறை வந்தேன். குழாய் உள்ள இடத்துக்குப் பவுசர் இல்லையென்று எழுதுவினைஞர் அனுப்பிவிட்டார். எனக்கும் கோபம் வந்தது, அதை மறைக்கமாட்டேன்.

ஆகவே பவுசரை உடனே அனுப்புமாறும், தாங்களே நேரில் வந்து அந்தக் குழாயைத் திறந்து பார்க்குமாறும் பணிவுடன் கேட்கிறேன். முப்பத்தெட்டு வீட்டாரின் கையொப்பங்களையும் இணைத்துள்ளேன். என்னுடன் கதைக்காதவர்களும் ஒப்பமிட்டிருக்கிறார்கள்.

வரும் ஞாயிற்றுக்கிழமை அதே மண்டபத்தில் படம் மீண்டும் காட்டப்படுமென அறிகிறேன். அதற்குள் தண்ணீர் வராவிட்டால் நான் அங்கே வந்து, குடம் பிடித்தவள் நானே, அந்தத் தண்ணீர் பொய் என்று எல்லோர் முன்னிலையிலும் எழுந்து சொல்வேன்.

குருநகர்,
16.05.1983

இப்படிக்கு,
யோசப்பின் சிமியோன்