கோயில் போட்ட கணக்கு

ஞாயிறு, இரவு.

இன்று மாதா திருநாள். சிரித்துச் சிரித்து இன்னும் தூக்கம் வரவில்லை.

வருடா வருடம் கோயிலில் மாதா பாட்டு பாடுவது ஜெசிந்தா அக்காதான். இந்த முறை அவளுக்கு ஏழாம் மாதம். கட்டிலை விட்டு இறங்கக் கூடாது என்றுவிட்டார் டாக்டர். அதனால் யட்டவத்த ஊர் வீட்டில் அவளைப் படுத்தபடியே பாட வைத்து, போனில் பதிவு செய்தேன். பிறகு ஆளில்லாத கோயிலில் ஒரு பலூனை உடைத்து, அதன் எதிரொலியையும் பிடித்தேன். ஃபாதர் பதறி ஓடி வந்தார். "என்னம்மா, டயர் வெடிச்சிருச்சா?"

கெம்பஸில் படித்த கன்வல்யூஷன் என்ற ஒலிக் கணக்கு முதல்முறையாக உதவியது. குரலின் ஒவ்வொரு துளிக்கும் பின்னால் அந்த எதிரொலியை ஒட்டி, எல்லாவற்றையும் கூட்டினேன். ஹெட்போனில் அக்கா கோயிலுக்குள் நின்று பாடினாள். எனக்கு அழுகையே வந்தது.

இன்று பூசையில் அதைப் போட்டால் ஒரு சொல்கூட விளங்கவில்லை. குளவிக்கூட்டைக் கலைத்த மாதிரி ஒரே இரைச்சல். அட மடச்சி! கோயிலுக்குள் போட்டால், கோயில் தன் எதிரொலியை இன்னொரு தடவை சேர்க்காதா? அவசரமாக, எதிரொலி ஒட்டாத படுக்கையறைப் பதிவையே போட்டேன். மீதிக் கணக்கைக் கோயிலே செய்தது.

கோயிலில் இருந்த அம்மாவின் போன் வழியாக, வீட்டில் படுத்தபடி கேட்டுக்கொண்டிருந்த அக்கா கத்தினாள்: "அடியே, நான் அங்கதான் நிக்கிறேன்! புள்ளயும் உதைக்குதுடி!"

வியாழக்கிழமை ஸ்கேன். அதை இப்போது நினைக்க மாட்டேன். பலூன் வெடியின் எதிரொலி லேப்டாப்பில் பத்திரமாக இருக்கிறது. பிள்ளையின் முதல் அழுகையை அதோடு சேர்த்து அக்காவின் காதில் போடுவேன். ஞானஸ்நானத்துக்கு முன்னமே கோயிலில் அழுத பிள்ளை!