மேனேஜர் வீட்டுப் பால்கோவா

இராஜபாளையம்
12.11.97

அன்பு மகள் கிருபாபாய்க்கு அம்மா பரிபூரணம் எழுதுவது. ஆண்டவர் தயவில் நானும் அப்பாவும் இங்கே குறைவில்லாமல் இருக்கிறோம், போபாலில் குளிர் ஆரம்பித்திருக்கும், ஸ்வெட்டரைப் பெட்டிக்குள் பத்திரமாக வைத்துவிட்டு வெளியே தும்மிக்கொண்டு திரியாதே. ஒரு மாதமாக ஏன் கடிதம் இல்லை என்று கேட்டிருக்கிறாய். எழுத உட்கார்ந்தால் அப்பா உன்மேல் கோபமாக இருந்ததையும் எழுதவேண்டி வரும், அதனால்தான் தள்ளிப்போட்டேன். இப்போது எல்லாம் சரியாகிவிட்டது, நடந்ததை ஒன்று விடாமல் சொல்கிறேன், ஆபீஸில் வைத்துப் படிக்காதே.

உன் நாவல் மூன்று பிரதிகள் வந்து சேர்ந்தன. அப்பா ஒன்றுக்குக் காக்கி அட்டை போட்டு பீரோவில் பைபிளுக்குப் பக்கத்தில் வைத்தார். இன்னொன்றை மில் தொழிற்சங்கப் படிப்பகத்தில் கொண்டுபோய்க் கொடுத்து, என் மகள் நம்ம மில்லைப் பற்றி எழுதியிருக்கிறாள் என்று டீக்கடை வரைக்கும் சொல்லிவிட்டு வந்தார். மூன்றாவதை மில்லில் என்னோடு ரீலிங் பிரிவில் வேலை பார்க்கிறவர்கள் வாங்கிக்கொண்டார்கள், சாப்பாட்டு நேரத்தில் ஒருத்தி சத்தமாகப் படிக்க மற்றவர்கள் கேட்பது. எதிர்வீட்டு அய்யம்மாளுக்குத்தான் மனசே ஆறவில்லை. கடைசிப் பக்கம் வரைக்கும் கேட்டுவிட்டு நேராக வீட்டுக்கு வந்து, "பிள்ளையில அவள இடுப்புல தூக்கிட்டு அலைஞ்சவ நானு, என்னையப் பத்தி ஒரு வரி இல்லியே மதினி" என்று கேட்டாள். நான் என்ன சொல்ல, அடுத்த புத்தகத்தில் வரும் என்று சொல்லி அனுப்பினேன்.

வினை வந்தது நூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்தில். ஸ்டிரைக்கில் ஏழாவது வாரம் ஒருவர் யாருக்கும் தெரியாமல் ஸ்ரீவில்லிபுத்தூரில் இருக்கிற மேனேஜர் வீட்டுக்குப் பின்வாசல் வழியாகப் போய் மன்னிப்புக் கடிதத்தில் கையெழுத்துப் போடுகிறார், மூன்றாம் நாளே ஸ்டிரைக் ஜெயித்துவிடுகிறது, ஊரே அவரைத் தியாகி என்கிறது, அவர் சாகிறவரைக்கும் வாயைத் திறக்கவில்லை என்று எழுதியிருக்கிறாயே, அதை அப்பா படித்திருக்கிறார். அந்த ஆள் அப்பா மாதிரியே காலைச் சாய்த்துச் சாய்த்து நடப்பார் என்றும் நீ எழுதி வைத்திருக்கிறாய். அப்பா உள்ளே வந்து, "ஏட்டி, நீதானே அவகிட்டச் சொன்ன?" என்றார். நான் எதைச் சொன்னேன் என்று கேட்டேன். அவர் முகம் போன போக்கைப் பார்த்த பிறகுதான் எனக்கே விஷயம் விளங்கியது, இவரும் நிஜமாகவே கையெழுத்துப் போட்டிருக்கிறார். அதற்குப் பிறகு பதினேழு வருஷம் கூடவே இருந்து கஞ்சி ஊற்றியிருக்கிறேன், எனக்குத் தெரியாது பார்.

எண்பதில் நம்ம மில் ஸ்டிரைக் நடந்தபோது அந்த ஏழாவது வாரம் நீ டைபாய்டில் கிடந்தாய், உனக்கு நினைவிருக்குமோ என்னவோ. ஸ்ரீவில்லிபுத்தூரில் மருந்து வாங்கி வருகிறேன் என்று சொல்லிவிட்டுப் போனார், போனது மேனேஜர் வீட்டுக்கும்தானாம். "பிள்ள கெடந்த கெடையப் பாத்துட்டு எப்படிட்டி கொடியப் பிடிக்க?" என்று கேட்டார். ஆனால் அதற்குப் பிறகு உன்மேல் திரும்பிவிட்டார். பெற்ற மகளே தெருவில் நிறுத்திவிட்டாளே, ஸ்டிரைக்கில் உறுதியாக நின்றதற்குச் சங்க ஆண்டு விழாவில் பொன்னாடை போடுகிறோம் என்கிறார்கள், எந்த முகத்தோடு மேடை ஏறுவேன், கிறிஸ்துமஸுக்கு அவள் வரவே வேண்டாம் என்று ஒரே பிடிவாதம். டீக்கடைக்குப் போகவில்லை. சுவரைப் பார்த்துத் திரும்பி உட்கார்ந்து சாப்பிட்டார். நான் உனக்காகப் பரிந்து பேசினால் ரேடியோவைச் சத்தமாக வைத்துவிடுவார். பத்து நாள் இப்படியே போனது.

பதினோராம் நாள் சாயங்காலம் அப்பாவோடு ஸ்பின்னிங்கில் வேலை பார்த்த சங்கையா கொல்லைப்பக்கமாக வந்து நின்றார், எப்போதும்போல விரிக்காத குடை கக்கத்தில். "மதினி, கேக்கேன்னு கோவப்படாதீங்க, என்னையப் பத்தி ஒங்க மகளுக்கு யாரு சொன்னது?" என்றார். உன் கதையில் அந்த ஆள் குடையை விரிக்காமலே வைத்திருப்பாராம், ஊரில் வேறு யார் அப்படி வைத்திருக்கிறார்கள், எல்லாருக்கும் தெரிந்துபோகுமே என்று அழாத குறை. அடுப்படியில் இருந்த அப்பா சட்டென்று வெளியே வந்து, "ஏலே, நீ எதுக்குலே அங்க போன?" என்று கேட்டார். "கையெழுத்துப் போடத்தாம் அண்ணாச்சி. அந்த மேனேஜர் வீட்டம்மா நல்லவுக, போட்ட பொறவு பால்கோவாகூடக் குடுத்தாக" என்றார் சங்கையா. அப்பா அவர் கிட்டே வந்தார். "ஒனக்குமாலே?" என்றார். அவ்வளவுதான், இரண்டு பேரும் துவைக்கிற கல்லில் உட்கார்ந்து சிரித்த சிரிப்பில் அப்பாவுக்கு இருமலே வந்துவிட்டது. சிநேகிதர் கொடுத்தார் என்று சொல்லி அன்றைக்கு அவர் கொண்டுவந்த பால்கோவா எங்கிருந்து வந்தது என்று எனக்கு அப்போதுதான் தெரிந்தது. காய்ச்சல் வாயோடு நீதான் அதை இலையோடு நக்கினாய். சங்கையா போனதும் அப்பா என்னைக் கூப்பிட்டு, "ஏட்டி, அவளுக்குத் தெரியாதுட்டி, சும்மா யோசிச்சுத்தான் எழுதிருக்கா, தெரிஞ்சிருந்தா பால்கோவாவ விட்டிருப்பாளா?" என்றார். அன்றைக்கு ராத்திரி இரண்டு தோசை கூடுதலாகச் சாப்பிட்டார்.

போன ஞாயிற்றுக்கிழமை சங்க விழா. தலைவர் இருளப்பசாமி பொன்னாடையை விரித்துக்கொண்டு வரவும் அப்பா பின்னால் நகர்ந்து மைக்கைப் பிடித்தார். "இது எனக்கு வேண்டாம், நான் ஏழாவது வாரம் கையெழுத்துப் போட்டவன்" என்று சொல்லிவிட்டார். முன்வரிசையில் இருந்த ஒருவர் எழுந்து வெளியே போய்விட்டார், ஸ்டிரைக்கில் கையெழுத்துப் போடாமல் பசுமாட்டை விற்றுச் சமாளித்தவர் அவர், அவர் போனதில் தப்பில்லை, அப்பா மறுநாள் காலையில் அவர் வீட்டுக்குப் போய் வெகுநேரம் இருந்துவிட்டு வந்தார், என்ன பேசினார்கள் என்று நான் கேட்கவில்லை. ஆனால் விழாவில் அந்த நேரத்தில் சங்கையா குடையை உயர்த்திக்கொண்டு எழுந்து நானும் போட்டேன் என்றார். பிறகு பின்னால் நாலைந்து பேர். யாரோ, "பால்கோவா குடுத்தாவளா?" என்று கேட்க, சிரிப்பில் கொட்டகையே ஆடியது. கடைசியில் இருளப்பசாமி தொண்டையைக் கனைத்துக்கொண்டு, "நானும்தாம் போனேன், அந்நேரம் மேனேஜர் வீட்ல இல்ல, பால்கோவாவ மட்டும் தின்னுட்டு வந்துட்டேன்" என்றார்.

அப்படியானால் இந்தப் பொன்னாடை யாருக்கு என்று கேள்வி வந்தது. பெண்கள் பக்கம் திரும்பி, நீங்கள் யாராவது போட்டீர்களா என்று கேட்டார்கள். ஏழு வாரமும் வீடு வீடாகக் கேப்பை மாவு கேட்டு வாங்கி மில் லைன் வீடுகள் முழுக்கக் கூழ் காய்ச்சி ஊற்றிய அய்யம்மாள் எழுந்தாள். "பொம்பளைகளும் ஸ்டிரைக்ல இருந்தோம்னு ஒருத்தருக்காவது நெனப்பு இருந்துச்சா? அப்படி ஒரு வாசல் இருக்குன்னே எங்களுக்கு யாரும் சொல்லலயே, சொல்லிருந்தா பால்கோவாவாவது கெடச்சிருக்கும்" என்றாள். பொன்னாடையை அவளுக்கே போட்டார்கள். இந்த வெயிலிலும் அதைப் போர்த்திக்கொண்டுதான் மார்க்கெட்டுக்குப் போகிறாள். உன் அடுத்த புத்தகத்தில் பொன்னாடையோடு வரவேண்டுமாம், மறந்துவிடாதே.

அப்பா இப்போது உன் நாவலை முதலிலிருந்து மறுபடி படிக்கிறார், கையில் ஒரு தாளில் திருத்தம் எழுதிக்கொண்டே போகிறார். நீ வரவேண்டாம் என்று சொன்னதை வாபஸ் வாங்க மட்டும் வாய் வரவில்லை, ஆனால் ரயில் அட்டவணை வாங்கி வந்து தலையணைக்கு அடியில் வைத்திருக்கிறார், நீயே புரிந்துகொள். தலைக்கு எண்ணெய் வை. வெறும் டீயில் நாளைக் கடத்தாதே. உன் கையும் எழுத்தும் சுகமாக இருக்க ஆண்டவர் துணை நிற்பார். டிக்கெட் போட்டதும் ஒரு கார்டு எழுது.

உன் நன்மையையே நினைத்திருக்கும் அம்மா,
ஐ. பரிபூரணம்

கிருபாவுக்கு அப்பா எழுதுவது. நூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்தில் பேனாவால் கையெழுத்துப் போட்டதாக இருக்கிறது. தவறு. நான் போட்டது பென்சிலில். மனம் மாறினால் அழித்துவிடலாம் என்று உன் பள்ளிக்கூடப் பையிலிருந்து எடுத்துப் போனேன். ரப்பரைத்தான் மறந்துவிட்டேன். அடுத்த பதிப்பில் திருத்திவிடு. ஸ்டேஷனுக்கு நானே வருகிறேன்.