இடப்பக்கமாக வெட்டு

மகனே,

காதில் இரண்டு தையல்தான். மெல்லும்போது மட்டும் இழுக்கிறது.

"வாழ்நாள் பூரா சினிமால செத்துக்கிட்டே இருக்கியே, வெக்கமா இல்லயா?" என்று கேட்டுவிட்டுப் போனவன் நீ. நான்கு வருஷம் கழித்து இன்று ஒத்திகையில், நெற்றி தரையில் படக் குனிந்து என்னிடம் மன்னிப்புக் கேட்டாய். வாள் பட்டுவிட்டால் வெட்டியவன் குனிய வேண்டும், அது நம் ஸ்டூடியோ வழக்கம். ஆனால் டைரக்டர் ஹிகுச்சி, "கண்ண எங்கடா வச்சிருக்க? ஹீரோன்னா பெரியவரக் கொன்னுடுவியா?" என்று உன்மேல் பாய்ந்தபோது நான் வாயைத் திறக்கவில்லை. அது எனக்கு விழ வேண்டிய திட்டு.

நீ சரியாகத்தான் வீசினாய். அரை நொடி பிந்தி விலகியவன் நான். மூங்கில் வாளாக இருந்ததால் காதோடு போயிற்று.

நாளை டேக்கில் என் இடப்பக்கமாக வா. ஏனென்று ஹிகுச்சி முன்னால் கேட்காதே. கேட்டால் என் இடத்தில் வேறொருவன் நிற்பான். நீயும் நானும் சேர்ந்து நிற்கும் முதல் காட்சி இது. அதை இன்னொருவனுக்கு விட்டுக்கொடுக்க மனம் வரவில்லை. அம்மாவிடமும் மூச்சு விடாதே.

முப்பது வருஷமாக எத்தனையோ ஹீரோக்களிடம் வெட்டுப்பட்டிருக்கிறேன். ஒவ்வொரு வாளும் வருவதைப் பார்த்துத்தான் செத்தேன். இன்று வலப்பக்கமாக உன் வாள் வந்ததை நான் பார்க்கவே இல்லை.

பயந்து கையை இழுத்துவிடாதே. முழு வீச்சாக வீசு.

நாளை உன் கையால் சாகப்போகும்
அப்பா