வாதி என்ற இடத்தில் உன் பெயர்

அன்புள்ள வாலு,

உடம்புக்கு ஒன்றும் இல்லையே, குளிருக்குக் காதை மூடிக்கொண்டுதானே வேலைக்குப் போகிறாய். இங்கே நான் நன்றாக இருக்கிறேன் என்று எழுதத்தான் பேனாவை எடுத்தேன், அது பொய்யாகிவிடும் என்பதால் நடமாடிக்கொண்டிருக்கிறேன் என்று மட்டும் எழுதுகிறேன். போனில் பேசினால் நான் கத்துவேன், நீ வைத்துவிடுவாய், அதனால்தான் கடிதம். பத்தாவதைப் பாதியில் விட்டவளுடைய எழுத்து, தப்பு இருந்தால் சிரித்துக்கொள், ஆனால் கடைசி வரை படி.

மருந்துக்கடை வேலையையும் விட்டுவிட்டேன். வருஷத்துக்கு ஒரு கடையா என்று நீ தலையில் அடித்துக்கொள்வாய், என்ன செய்ய, ஒரே இடத்தில் நின்று மாத்திரை அட்டையைக் கத்தரிப்பது எனக்கு ஒத்துவரவில்லை. இப்போது ஜன்னல் திரை விற்கிற கடையில் இருக்கிறேன். வீடு வீடாகப் போய் ஏணியில் ஏறிக் கம்பி மாட்டுகிற வேலை, டிரில்லிங் மிஷின் பிடிக்கக்கூடக் கற்றுக்கொண்டேன். உயரத்துக்குப் பயப்படாத ஆள் அங்கே நான் ஒருத்திதானாம்.

போன செவ்வாய்க்கிழமை ஒரு போட்டோ ஸ்டூடியோவில் ஏணி மேல் நிற்கிறேன், கோர்ட்டிலிருந்து தாள் கொடுக்கிற ஆள் கடையில் விசாரித்துக்கொண்டு அங்கேயே வந்துவிட்டார். உன் அப்பா மறுபடி ஏதோ கிளப்பியிருக்கிறார் என்று நினைத்து, ஸ்க்ரூவை வாயில் வைத்துக்கொண்டே கையெழுத்துப் போட்டேன். அவர் தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். “ஏம்மா, கேஸ் போட்டவருக்கும் உங்களுக்கும் ஒரே அட்ரஸா இருக்கே, யாரு இவரு?” என்றார். வாங்கிப் பார்த்தேன். வாதி என்ற இடத்தில் உன் பெயர் இருந்தது, இனிஷியலோடு. பையன் என்றேன். அவர் நான் இறங்கி முடிக்கிற வரைக்கும் ஏணியைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

உன்னிடம் என்ன சொல்லிக் கையெழுத்து வாங்கியிருப்பார்கள் என்று எனக்குத் தெரியாதா. வீடு உன் பேருக்கு வருதுடா, ஒரு கையெழுத்துதான், அம்மாகிட்ட இப்ப மூச்சு விடாத, அவ குதிப்பா என்று உன் அத்தை சொல்லியிருப்பாள். நடந்ததை நான் சொல்கிறேன் கேள். கோர்ட் கட்டடத்தில் கீழே ஒரு நீதிபதி, மாடியில் ஒரு நீதிபதி. கீழே இருப்பது நான் போட்ட குடும்ப வன்முறை கேஸ். இவளை அந்த வீட்டிலிருந்து நீ வெளியேற்றக் கூடாது, நீ உள்ளே போகவும் கூடாது என்று உன் அப்பாவுக்கு அங்கே உத்தரவு ஆகியிருக்கிறது. அந்த உத்தரவு அவரைத்தான் கட்டும், உன்னைக் கட்டாது. அதனால் தாத்தா அவருக்கு எழுதிவைத்த வீட்டை அவர் உனக்குத் தானமாக எழுதிவிட்டார், உன் சார்பில் கேஸ் நடத்த அத்தை உன்னிடம் பவர் பத்திரம் வாங்கிக்கொண்டாள், இப்போது மாடியில் உன் பேரில் என்னைக் காலி பண்ணக் கேட்கிறார்கள். கீழே இரு என்கிறார்கள், மேலே எழுந்திரு என்கிறார்கள், நான் படிக்கட்டில் நிற்கிறேன். இந்த மூளை உன் அப்பாவுடையது இல்லை, அவருக்கு அவ்வளவு கிடையாது, வக்கீலுடையது. கை மட்டும் உன்னுடையது.

பவர் தாளில் தேதி பார்த்தேன், மூன்று மாதம் ஆகிறது. அதற்கப்புறம் எத்தனை தடவை பேசியிருப்பாய். ஒவ்வொரு தடவையும் மோட்டார் ஓடுதா, மாடி ரூம் ஒழுகுதா என்று கேட்டாய். பிள்ளைக்கு என் மேல் எவ்வளவு அக்கறை பார் என்று நானும் கடையில் பீற்றிக்கொண்டேன். வீட்டுச் சொந்தக்காரர் விசாரிக்கிறார் என்று புத்தியில் படவில்லை.

அதைக்கூட விட்டுவிடுவேன். நான் பதினெட்டில் உன் அப்பாவைக் கட்டிக்கொண்டவள், முட்டாள்தனத்தில் நீ என்னை மிஞ்ச முடியாது. ஆனால் கேஸ் தாளில் நாலாவது பக்கத்தில் ஒரு வரி இருக்கிறது. எனக்குத் தெரிந்து அந்த வீட்டில் எந்த வன்முறையும் நடந்ததில்லை, வீட்டுக்காகவே என் தாய் பொய்ப் புகார் கொடுத்திருக்கிறார் என்று. உன் முன்பல்லில் பாதி எங்கேடா போச்சு? உனக்குப் பதினோரு வயசு, சனிக்கிழமை மத்தியானம், அவர் ஸ்டூலைத் தூக்கினார், நீ குறுக்கே வந்தாய். ஆஸ்பத்திரிக்குப் போகிற பஸ்ஸில், பாத்ரூமில் வழுக்கி விழுந்தேன் என்று சொல்லச் சொல்லி உனக்குப் பாடம் எடுத்தவள் நான்தான். வாயில் ரத்தத்தோடு திருப்பித் திருப்பிச் சொல்லிப் பார்த்தாய், டாக்டரிடம் பிசகாமல் ஒப்பித்தாய், நான் முதுகில் தட்டிக்கொடுத்தேன். அந்தத் தப்பு என்னுடையது. புகார் எழுதும்போது வக்கீலம்மா, பையன் ஏதாவது பார்த்திருக்கிறானா என்று கேட்டார், இல்லை என்றேன். பெற்ற பிள்ளையைக் கோர்ட்டில் நிறுத்த வேண்டாம் என்று அந்த நாளையே மறைத்தேன். இப்போது அந்த ஓட்டை வழியாகத்தான் உள்ளே வந்திருக்கிறார்கள். பிள்ளையே பார்க்கவில்லை என்கிறான், வேறு யார் பார்த்தார்கள் என்று கேட்கிறார்கள்.

நேற்று வக்கீலம்மாவிடம் போய் எல்லாவற்றையும் கொட்டினேன். “இத்தன நாளா இத எங்கம்மா வச்சிருந்தீங்க?” என்று திட்டினார். ஸ்டூலிலிருந்து பல் வரைக்கும் எழுதி, கீழே நடக்கிற கேஸில் உன்னைச் சாட்சியாகக் கூப்பிடச் சொல்லி மனு டைப் அடித்தார். உன் பெயரை நானே சொன்னேன், கையெழுத்தும் போட்டேன். உன்னைக் கேட்டுப் போடவில்லை. நீயும் என்னைக் கேட்டுப் போடவில்லை.

வீடு உன் பேரில் இருப்பதில் எனக்கு வயிற்றெரிச்சல் கிடையாது, எப்போதும் உனக்குத்தான். நான் உள்ளே இருந்து தாழ்ப்பாள் போட்டுக்கொள்ள ஒரு கதவு வேண்டும், அவ்வளவுதான். பவரை ரத்து பண்ணுகிற தாளை இதோடு வைத்திருக்கிறேன், நீ கையெழுத்துப் போட்டு அனுப்பினால் உன் பேரைச் சொல்லி அத்தை கோர்ட் மாடி ஏற முடியாது. போடவில்லை என்றால் நானாக மூட்டை கட்டிவிடுவேன் என்று நினைக்காதே, கட்ட மாட்டேன். நீ தூரத்தில் இருப்பதால் சாட்சியை வீடியோவில் கேட்பார்களாம். நானும் அந்த அறையில்தான் உட்கார்ந்திருப்பேன். வழுக்கி விழுந்தேன் என்று சொல்வதானால் சொல், தடுக்க மாட்டேன். ஆனால் இந்தத் தடவை நான் சொல்லிக்கொடுக்கவில்லை.

கோபம் வேறு, ஆசீர்வாதம் வேறு. எந்த நோய்நொடியும் அண்டாமல், போகிற இடத்தில் நாலு பேர் மதிக்க நீ நன்றாக இருக்க வேண்டும். இனிமேல் எந்தத் தாளையும் முழுசாகப் படிக்காமல் கையெழுத்துப் போடாதே, நான் அனுப்பியதையும் சேர்த்துத்தான். விசாரணை இருபத்திரண்டாம் தேதி காலை பத்தரை மணிக்கு, உங்கள் ஊரில் அப்போது என்ன நேரம் என்று பார்த்துவைத்துக்கொள்.

இப்படிக்கு,
உன்னைப் பெற்றவள்