கடைசிப் பக்கத்தை விட்டுவிட்டேன்

ஞாயிறு, ஆகஸ்ட் 17

தண்டையார்பேட்டை தையல் கம்பெனியில் எனக்குப் பக்கத்து மிஷின் பாத்திமாவுடையது. கடலுக்கடியில் ஒரு நகரம், அங்கே தன் கதையைத் தானே சொல்லும் பழைய புத்தகம் என்று தினமும் பஸ்ஸில் கற்பனையாகச் சொல்லிக்கொண்டு வருவாள். அதை என் கதையாக எழுதி இன்று ராயபுரம் வாசகர் கூட்டத்தில் வாசித்தேன். எப்படித் தோன்றியது என்று கேட்டார்கள். கனவில் வந்தது என்றேன். நிமிர்ந்தால், கடைசி வரிசையில் அவள் கைதட்டிக்கொண்டிருந்தாள். நான் அவளைக் கூப்பிடவே இல்லை.

வெளியே வந்ததும் என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"சோக்கா படிச்சடி. தன்ன எழுதுனது யாருன்னு அந்த புக்கு கடசி பக்கத்துல சொல்லும். இன்னா, மறந்துட்டியா?"

"மறந்துட்டேன்" என்றேன். மன்னிப்புக் கேட்க வாய் வரவில்லை.

"சரி, எழுதிக்கோ" என்று பஸ் வரும்வரை அந்தப் பக்கத்தை முழுக்கச் சொன்னாள். நானும் வெட்கமில்லாமல் எழுதிக்கொண்டேன்.