இட்டுக்கட்டிய கனவு

அன்புள்ள அக்கா,

இன்று எழுந்ததும் முதல் வேலையாக ஒரு கனவை இட்டுக்கட்டினேன். மனநல மருத்துவரைக் கட்டிக்கொண்டவள் காலைக் காப்பியோடு கனவையும் கொடுக்க வேண்டியிருக்கிறது. நிஜக் கனவுகளை நான் அவரிடம் சொல்வதில்லை.

"பெட்டியோட படியில இறங்கிட்டிருந்தேன்" என்றேன்.

"பெட்டியில என்ன?"

"என் துணி, சர்டிபிகேட்."

"நான் எங்க இருந்தேன்?"

"நீங்க வரவே இல்ல."

கோப்பையை மெதுவாகக் கீழே வைத்தார். "நாளையிலேருந்து உன் மாத்திரையைக் கூட்டிடலாம்மா" என்றார், அத்தனை பிரியமாக.

எனக்கு என்ன வியாதி என்று இதுவரை அவர் சொன்னதில்லை.

கனவு பொய்தான், அக்கா. ஆனால் அவர் கிளம்பியதும், யோசிக்காமலே, சர்டிபிகேட் இருக்கும் இழுப்பறையில் என் கை போய் நின்றது.

பெட்டியைக் கட்டிவிட்டேன். நாளைய மாத்திரைக்கு முன்னால் உன் வாசலில் நிற்பேன். யாருக்கும் தெரியாது.

உன் வாயாடி