உப்பில்லாத எம்பனாடா

அண்ணே,

நேற்று சாயங்காலம் மகள் பீட்சா வாங்கி வந்தாள். பெட்டிக்குள் இரண்டு சின்னப் பொட்டலங்கள் கிடந்தன. ஒன்றில் மிளகாய், இன்னொன்றில் காய்ந்த இலைத்தூள். இலைத்தூளைக் கிழித்து உள்ளங்கையில் கொட்டியதும் அந்த வாசனை வந்துவிட்டது. ஓமத்துக்கும் கற்பூரவல்லிக்கும் நடுவில் நிற்கிற வாசனை. அப்படியே உட்கார்ந்திருந்தேன். "என்னப்பா, பிடிக்கலையா?" என்றாள். ஒன்றுமில்லை என்றேன். நீ போனபோது அவள் பிறக்கவில்லை. உன்னை அவளுக்குச் சுவரில் இருக்கிற படமாக மட்டும்தான் தெரியும். அவளிடம் எங்கே தொடங்குவது என்று தெரியாமல் உனக்கு எழுதுகிறேன். பாதி உனக்குத் தெரிந்த கதை. மீதியை நான் உன்னிடம் சொல்லாமலே இருந்துவிட்டேன்.

தொண்ணூறுகளின் நடுவில் உன் இரண்டு சிறுநீரகமும் சுருங்கிவிட்டதாக மதுரையில் சொன்னார்கள். வாரம் இரண்டு நாள் தச்சநல்லூரில் பஸ் ஏறி மதுரைக்குப் போய் இரத்தத்தைச் சுத்தம் செய்துகொண்டு திரும்புவாய். மறுநாள் எதுவும் நடக்காதவன் மாதிரி தாலுகா ஆபீசில் உட்கார்ந்திருப்பாய். மதினி உனக்கு நாள் முழுக்கக் குடிக்க ஒரு சின்னச் செம்பில் தண்ணீர் அளந்து வைப்பாள். உப்பு கிடையாது. சொதியும் கூட்டாஞ்சோறும் கிடையாது. காலையில் இட்லி சாப்பிடும்போதே ராத்திரிக்கு என்ன என்று கேட்கிற ஆள் நீ. ஒருநாள் குறுக்குத்துறையில் குளிக்கப் போனோம். தாமிரபரணியில் கழுத்தளவு நின்றுகொண்டு, "இம்புட்டு தண்ணி ஓடுது, ஒரு வாய் குடிக்க முடியல பாரு" என்றாய். சிரித்துக்கொண்டுதான் சொன்னாய். நான் தலையை முக்கிக்கொண்டேன்.

என் சிறுநீரகம் உனக்குப் பொருந்தும் என்று சோதனையில் தெரிந்தது. அவசரமில்லை, அண்ணன் உடம்பு கொஞ்சம் தேறட்டும், ஆறு மாதத்தில் செய்யலாம் என்றார் டாக்டர். நான் அப்போது சரக்குக் கப்பலில் ரேடியோ ஆபீசர். அடுத்த ஆறு மாதத்துக்கு ஒரு கப்பலில் ஏற ஒத்துக்கொண்டிருந்தேன். போகவில்லை என்று சொன்னதும் உனக்குக் கோபம் வந்துவிட்டது.

"வேலைய விட்டுட்டு இங்கன உக்காந்து என்னலே செய்யப் போற? என் மூஞ்சியப் பாத்துக்கிட்டு இருப்பியா? போயிட்டு வா. கிட்னி எங்க ஓடிரப் போகுது, உன்கூடத்தான வருது."

போனேன்.

ஐந்தாவது மாதக் கடைசியில் சோயா எண்ணெய் ஏற்ற அர்ஜென்டினாவில் ரொசாரியோ துறைமுகத்துக்குப் போனோம். ஆற்றங்கரைத் துறைமுகம். அந்த ஆற்றின் அகலத்தைப் பார்த்தால் நம் ஆற்றை வாய்க்கால் என்றுதான் சொல்ல வேண்டும். கரை சேர்கிற நேரத்தில் கப்பலைத் தள்ளுகிற விசிறியின் தண்டு வளைந்துவிட்டது. புதுத் தண்டு ஜப்பானிலிருந்து வர வேண்டும். ஒரு மாதமோ இரண்டு மாதமோ, யாருக்கும் தெரியவில்லை. மாற்று ஆள் வராமல் ரேடியோ ஆபீசர் கப்பலை விட்டு இறங்க முடியாது. கேப்டனிடம் போய் உன் விஷயத்தைச் சொன்னேன். நல்ல மனிதர். எனக்குப் பதிலாக இன்னொரு ரேடியோ ஆபீசரை அனுப்பச் சொல்லிக் கம்பெனிக்குத் தந்தி கொடுத்தார். அனுப்பியது நான்தான். பதிலை வாங்கியதும் நான்தான். அடுத்த துறைமுகத்தில் ஆள் ஏறுவார் என்று வந்தது. அடுத்த துறைமுகத்துக்குப் போவதற்குக் கப்பல் நகர வேண்டுமே. மறுபடி கேட்டோம். அதே பதில். எந்தக் கரையோடும் பேசுகிற கருவி என் மேஜையில் இருந்தது. என்னை ஊருக்கு அனுப்ப அதனால் முடியவில்லை.

ஞாயிற்றுக்கிழமைதோறும் அங்கே காலை பத்து மணிக்கு ஊருக்குள் போய் போன் செய்வேன். இங்கே மாலை ஆறரை. வீட்டுக்கு எதிரே போன் வைத்திருந்த பலசரக்குக் கடையில் அண்ணாச்சி போட்டு வைத்த ஸ்டூலில் நீ முன்கூட்டியே வந்து உட்கார்ந்திருப்பாய். உடம்பைப் பற்றிக் கேட்டால் "சவத்த விடுலே" என்பாய்.

"இந்த வாரம் என்ன சாப்பிட்ட? அதச் சொல்லு."

கப்பலில் தினமும் சோறும் பருப்பும்தான். சொல்வதற்கு ஒன்றும் இல்லை. இரண்டு வாரம் பருப்பைப் பற்றியே சொன்னேன். மூன்றாவது வாரம், "ஒன்னய அவ்வளவு தூரம் அனுப்பி வச்சது பருப்புக்கா?" என்றாய்.

அதற்காகத்தான் அந்தச் சமையல் வகுப்புக்குப் போனேன். மாலுமிகள் தங்கும் விடுதியின் பலகையில் ஒரு காகிதம் ஒட்டியிருந்தது. வெளியூர்ப் பயணிகளுக்கு வீட்டிலேயே அர்ஜென்டினாச் சமையல் கற்றுத்தரப்படும், நீங்களே செய்து நீங்களே சாப்பிடலாம் என்று ஆங்கிலத்தில் எழுதியிருந்தது. நோர்மா என்கிற அறுபது வயது அம்மா. பள்ளிக்கூடச் சமையலறையில் இருந்து ஓய்வு பெற்றவர். அவருக்கு ஸ்பானிஷ் மட்டும்தான் தெரியும். கல்லூரியில் படிக்கிற அவருடைய தங்கை மகள் பக்கத்தில் நின்று ஆங்கிலத்தில் சொன்னாள். என்னைத் தவிர, ஊர் சுற்ற வந்த ஒரு டச்சுத் தம்பதியும் இருந்தார்கள். நோர்மா எல்லாருக்கும் ஏப்ரன் கொடுத்தார்.

எம்பனாடா செய்யப் போகிறோம் என்றார். மைதா மாவில் மாட்டுக்கொழுப்பை உருக்கி ஊற்றப் போனார். நான் கையை நீட்டித் தடுத்துவிட்டேன். மாடு சாப்பிட மாட்டேன் என்றதும், "கோழி?" என்றார். இல்லை. "மீன்?" அதுவும் இல்லை. தங்கை மகளிடம் என்னவோ கேட்டார். "அப்புறம் எப்படி உயிரோடு இருக்கிறார் என்று பெரியம்மா கேட்கிறார்" என்றாள் அவள். டச்சுக்காரர் விழுந்து விழுந்து சிரித்தார். எனக்கென்று தனியாக வெண்ணெய் உருக்கி, இறைச்சிக்குப் பதில் மக்காச்சோளத்தைத் துருவச் சொன்னார். வெங்காயமும் சிவப்புக் குடைமிளகாயும் வதக்கி, துருவிய சோளத்தைப் போட்டு, பால் விட்டுக் கிளறினேன். மாவை வட்டமாக வெட்டி, நடுவில் பூரணம் வைத்து, பாதியாக மடித்தோம். ஓரத்தைக் கயிறு திரிப்பது மாதிரி விரலால் மடித்து மடித்துக்கொண்டு போக வேண்டும். டச்சுக்காரர்களுக்கு அது பிடிபடவில்லை. என் விரல் தானாகப் போயிற்று. நோர்மா என் கையைத் தூக்கிப் பிடித்து, பார் பார் என்று எல்லாருக்கும் காட்டினார். தீபாவளிக்கு முந்தின நாள் அம்மா நம் இரண்டு பேரையும் உட்கார வைத்துச் சோமாசி மடிக்கச் சொல்வாளே, அந்த மடிப்புதான். நீ மடித்தது எண்ணெயில் வாயைப் பிளந்துவிடும், அதை நீயே தின்றுவிடுவாய்.

நான் உன்னிடம் சொல்லாதது இதுதான், அண்ணே. அந்த அடுப்படியில் கையெல்லாம் மாவாக நின்றுகொண்டு, அந்த அம்மா என்னை எல்லார் முன்னாலும் மெச்சிக்கொண்டிருந்த இரண்டு மணி நேரம், நான் உன்னை மறந்துபோனேன். சந்தோஷமாக இருந்தேன். ஓவனிலிருந்து தட்டை எடுத்து, பூண்டும் வினிகரும், நேற்று பீட்சாவோடு வந்த அதே காய்ந்த இலையும் போட்ட துவையல் மாதிரி ஒன்றைப் பக்கத்தில் வைத்தார். முதல் கடி கடித்தேன். உப்பு நாக்கில் பட்டதும்தான் உன் நினைப்பு வந்தது. மீதியைத் தட்டில் வைத்துவிட்டேன்.

பிடிக்கவில்லையா என்று கேட்டார். தங்கை மகள் வழியாகச் சொன்னேன். அண்ணன், சிறுநீரகம், கப்பல் எல்லாவற்றையும். அவள் மொழிபெயர்க்க மொழிபெயர்க்க நோர்மா ஏப்ரனில் கையைத் துடைத்துக்கொண்டே இருந்தார். டச்சுக்காரர்கள் போன பிறகு என்னை இருக்கச் சொல்லி, மறுபடி மாவு பிசைந்தார், உப்பில்லாமல். சுட்டெடுத்து ஆளுக்குப் பாதி தின்றோம். மென்று பார்த்து, "நன்றாக இல்லை" என்றார். எலுமிச்சை பிழிந்தார், பூண்டைக் கூட்டினார், இலையைக் கூட்டினார். மூன்றாவது தடவை, "இப்போது பரவாயில்லை. ஆனாலும் நன்றாக இல்லை" என்றார். காய்ந்த இலையை ஒரு காகிதத்தில் மடித்து என் சட்டைப்பையில் வைத்தார்.

அடுத்த ஞாயிறு உனக்குச் சொன்னேன். மாவு பிசைந்ததிலிருந்து ஒன்று விடாமல் சொன்னேன்.

"நம்ம சோமாசிதானலே இது. உப்பில்லாம எப்படி இருந்துச்சு? பொய் சொல்லாத."

"நல்லா இல்லண்ணே."

நீ சிரித்தாய். சிரித்து முடிக்க மூச்சு வாங்கியது. "நீ ஒருத்தன்தான் நெசத்தச் சொல்லுத. உங்க மதினி தெனமும் நல்லா இருக்கும் நல்லா இருக்கும்னே வைக்கா. வந்து எனக்கு ஒண்ணு செஞ்சு குடு. நல்லா இல்லாட்டியும் திங்கேன்."

அதற்கடுத்த ஞாயிறு போனை எடுத்தது அண்ணாச்சி. "தம்பி, உங்க அண்ணனால நடக்க முடியல. கால் ரெண்டும் வீங்கியிருக்கு. நீங்க பதறாதீங்க, எப்ப வாரீங்க?" அதற்கும் அடுத்த ஞாயிறு மதினி. உன்னை மதுரையில் சேர்த்திருந்தார்கள், நெஞ்சில் நீர் கோத்திருந்தது. அதைச் சொல்லத்தான் அவள் ஊருக்கு வந்திருந்தாள். "தம்பி, நீங்க வந்திருவீங்கல்லா?" என்றாள். அழவில்லை. வந்திருவேன் மதினி என்றேன். எப்படி என்று எனக்குத் தெரியவில்லை. வெளியே வந்து அந்தப் பெரிய ஆற்றங்கரையில் நின்றேன். என் இடுப்புக்கு மேல் கையை வைத்து அழுத்திப் பார்த்தேன். உனக்கு வேண்டியது இதோ இருக்கிறது, சூடாக, நன்றாக வேலை செய்துகொண்டு. கொண்டுபோய்க் கொடுக்க வழியில்லை.

கேப்டன் மூன்றாவது தந்தியைத் தன் பெயரிலேயே கடுமையாக எழுதினார். ஆள் வந்தார். நான் விமானம் மாறி மாறி வந்து மதுரையில் இறங்கியபோது நீ கண் திறந்திருந்தாய். "வந்துட்டியாலே" என்றாய். டாக்டர் என்னை வராந்தாவுக்குக் கூட்டிப்போனார். இதயம் பலவீனமாகிவிட்டது, அறுவைச் சிகிச்சையை இனித் தாங்காது என்றார். "என்னை இப்பவே எடுத்துக்கங்க டாக்டர்" என்று அசட்டுத்தனமாகச் சொன்னேன். அவர் என் தோளில் கை வைத்துவிட்டுப் போய்விட்டார்.

உனக்கு அதை யாரும் சொல்லவில்லை. தெரிந்துதான் இருந்தது உனக்கு. ஒன்பது நாள் உன் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். நான்காம் நாள், "எங்கலே அந்தச் சோமாசி?" என்றாய். ஆஸ்பத்திரிக்குப் பின்னால் மதினி எடுத்திருந்த அறையில், மண்ணெண்ணெய் ஸ்டவ்வில், உப்பில்லாமல் மாவு பிசைந்து, நோர்மா கொடுத்த இலையைப் போட்டு ஒன்றே ஒன்று செய்தேன். ஓவனில் சுட வழியில்லாமல் எண்ணெயில் பொரித்தேன். டாக்டரிடம் கேட்டேன். கொடுங்கள் என்றார். அதில் என்ன இருக்கிறது என்றுகூடக் கேட்கவில்லை.

நீ ஒரு கடி கடித்து வெகுநேரம் மென்றாய். "நெசமாவே நல்லா இல்லலே" என்றாய். மதினி சிரித்துவிட்டாள். நீ மீதியையும் பையப் பைய முழுக்கத் தின்று முடித்தாய். நான் உனக்குக் கொடுக்க முடிந்தது அவ்வளவுதான்.

மதினி இன்றுவரை என்னை ஒரு வார்த்தை கேட்டதில்லை. கேட்டிருந்தால் நானும் ஏதாவது சொல்லியிருப்பேன். போன மாதம் மகள் கட்டாயப்படுத்தி முழு உடம்புப் பரிசோதனைக்குக் கூட்டிப்போனாள். வயிற்றில் கருவியை வைத்து உருட்டிய டாக்டர் சின்னப் பெண். திரையைப் பார்த்துக்கொண்டே, "இந்த வயசுல ரெண்டு கிட்னியும் இவ்வளவு நல்லா இருக்கிறது அபூர்வம் சார்" என்றாள். அதில் ஒன்று என் அண்ணனுடையது என்று சொல்ல வாய் எடுத்தேன். சட்டைப் பொத்தானைப் போட்டுக்கொண்டு வெளியே வந்தேன்.

உன் தம்பி